தகரப் பெட்டியை எடைக்குப் போடும் முன் ஒருமுறை திறந்து பாருங்கள்

கீழக்கரை, ஏர்வாடி, பெரியபட்டினம், மண்டபம், பாம்பன், இராமேஸ்வரம், தேவிபட்டினம், திருப்பாலைக்குடி, தொண்டி என்று இந்தக் கரை நெடுகப் பழைய வீடுகளில் இருக்கும் பெரியவர்களுக்கும், கொழும்பிலும் ரங்கூனிலும் பினாங்கிலும் கடை வைத்திருந்தவர்களின் பிள்ளைகள், பேரன் பேத்திகளுக்கும், ஒரு காலத்தில் இந்தப் பக்கம் டூரிங் டாக்கீஸ் நடத்திய குடும்பங்களுக்கும்,

வணக்கம். அஸ்ஸலாமு அலைக்கும்.

நான் இந்தக் கடற்கரைக்காரி. பள்ளிக்கூடத்தில் தமிழ் சொல்லிக்கொடுத்து ஓய்வு பெற்றவள். உங்களிடம் ஒரே ஒரு காரியம் கேட்கத்தான் இந்த மடல். பழைய வீட்டை இடித்துப் புது வீடு கட்டும்போது பரணில் கிடக்கும் தகரப் பெட்டியையும் டிரங்குப் பெட்டியையும் அப்படியே பழைய பேப்பர்காரரிடம் தூக்கிக் கொடுத்துவிடாதீர்கள். ஒருமுறை திறந்து, உள்ளே இருக்கும் காகிதங்களைப் பாருங்கள். அதிலே ‘மிஸ் கமலா’ என்ற பெயரோ, டி.பி.ராஜலட்சுமி என்ற பெயரோ இருக்கிறதா என்று பாருங்கள்.

யார் இந்த ராஜலட்சுமி என்று இளையவர்கள் கேட்பார்கள். முதல் தமிழ் பேசும் படத்தின் கதாநாயகி என்று பெரியவர்கள் சிலருக்குத் தெரியும். 1931 அக்டோபர் 31-ஆம் தேதி சென்னையில் ‘காளிதாஸ்’ திரைக்கு வந்தது. எச்.எம்.ரெட்டி இயக்கியது, பம்பாயில் எடுத்தது. அதில் ராஜலட்சுமி தமிழில் பேசுவார், கதாநாயகன் தெலுங்கில் பதில் சொல்வார். திரையில் உருவம் வாய் திறந்து தமிழ் பேசுவதைக் கேட்கவே ஜனங்கள் திரண்டு போனார்கள். அந்தப் புகழ் அவருக்குப் போதுமானதாக இருந்திருக்கும். வேறு யாராக இருந்தாலும் அதோடு நின்று, வருகிற வேடங்களை நடித்துக்கொண்டு வசதியாக இருந்திருப்பார்கள்.

அவர் நிற்கவில்லை. 1936-இல் ‘மிஸ் கமலா’ என்ற படத்தை எடுத்தார். ‘கமலவல்லி’ என்று அவரே எழுதிய நாவல்தான் கதை. வசனம் அவர், தயாரிப்பு அவருடைய ஸ்ரீ ராஜம் டாக்கீஸ், கதாநாயகி அவர், இயக்கமும் அவர். தென்னிந்தியாவில் ஒரு பெண் இயக்கிய முதல் படம் அது. அதற்கு அப்புறம் ‘மதுரை வீரன்’ படத்தையும் அவரே இயக்கினார். ‘சினிமா ராணி’ என்று அந்தக் காலத்து ஜனங்கள் அவரைக் கொண்டாடினார்கள்.

இன்றைக்கு ‘மிஸ் கமலா’வின் ஒரு பிரதிகூடக் கையில் இல்லை. ‘காளிதாஸ்’ படமும் இல்லை. முதன்முதலாக ஒரு தமிழ்ப் பெண் கேமராவுக்குப் பின்னால் நின்று என்ன பார்த்தாள், எதைக் காட்ட வேண்டும் என்று நினைத்தாள் என்பதை நாம் யாரும் பார்க்க முடியாது. இதை நினைத்தால் எனக்கு ஆறவே மாட்டேன் என்கிறது. அதனால்தான் எழுதுகிறேன்.

அவர் பிறந்தது 1911-இல், திருவையாற்றில். அப்பா கிராமக் கர்ணம். சின்ன வயதிலேயே கல்யாணம் செய்து வைத்தார்கள். அந்த வாழ்க்கை நிலைக்கவில்லை, பிறந்த வீட்டுக்குத் திரும்பி வந்தார். அப்பாவும் போய்விட்டார். அந்தக் காலத்தில் அப்படித் திரும்பி வந்த ஒரு பிராமணப் பெண்ணுக்கு என்ன வழி இருந்திருக்கும் என்று நம் பாட்டிமார்களைக் கேட்டால் சொல்வார்கள். அடுக்களை, முற்றம், ஒரு மூலை. அம்மாவும் மகளும் திருச்சிக்குப் போய் நாடகக் கம்பெனியின் கதவைத் தட்டினார்கள். சங்கரதாஸ் சுவாமிகள் அந்தச் சிறுமியின் குரலைக் கேட்டுக் கைதூக்கிவிட்டார். பெண் வேடத்தை ஆண் பிள்ளைகளே கட்டிக்கொண்டிருந்த காலம். நல்ல குடும்பத்துப் பெண் மேடை ஏறினால் ஊர் சும்மா விடாது. ஏறினார், பாடினார். அங்கிருந்து மௌனப் படம், அப்புறம் பேசும் படம். இந்தக் கரையில் புருஷன் கடலுக்குப் போய்த் திரும்பாத பெண்கள் மீன் கூடையைத் தலையில் வைத்துக்கொண்டு குடும்பத்தைத் தூக்கி நிறுத்தியதைப் பார்த்து வளர்ந்தவள் நான். ராஜலட்சுமியின் கதையைப் படித்தபோது வேற்று ஊர்க் கதை என்று எனக்குத் தோன்றவில்லை.

1936-இல் ஒரு படத்தை இயக்குவது என்றால் என்ன என்பதையும் சொல்ல வேண்டும். பின்னணி பாடுவது என்ற வழக்கம் அப்போது இங்கே காலூன்றவில்லை. நடிப்பவர் கேமரா முன்னால் நின்று தாமே பாட வேண்டும். ஆர்மோனியக்காரரும் மிருதங்கக்காரரும் படச்சட்டத்துக்கு வெளியே மறைந்து உட்கார்ந்து வாசிக்க வேண்டும். சுருதி ஒரு இடத்தில் பிசகினாலும், யாராவது இருமினாலும், மறுபடி முதலிலிருந்து. சென்னையிலேயே பேசும் படம் எடுக்கிற ஸ்டூடியோ வந்தது 1934-இல்தான். அதற்கு முன்னால் தமிழ்ப் படம் என்றால் பம்பாய்க்கோ கல்கத்தாவுக்கோ நடிகர்களும் வாத்தியங்களும் மூட்டை முடிச்சோடு ரயிலேற வேண்டும். சென்னையில் அந்த முதல் ஸ்டூடியோவை நிறுவிய ஏ.நாராயணனின் மனைவி மீனாட்சி அங்கே ஒலிப்பதிவுக் கருவியைக் கையாண்டவர். இதையும் நம் பிள்ளைகளுக்கு யாரும் சொல்லித் தருவதில்லை. பெண்கள் ஆரம்பத்திலிருந்தே அங்கே இருந்தார்கள். வடக்கே 1926-லேயே பாத்மா பேகம் என்ற உருது நாடக நடிகை சொந்தக் கம்பெனி வைத்துப் படம் இயக்கிவிட்டார். இந்தியாவில் படம் இயக்கிய முதல் பெண் அவர்தான். அந்தப் படமும் இன்று இல்லை.

சரி, இதற்கெல்லாம் இராமநாதபுரம் கடற்கரைக்கு என்ன சம்பந்தம் என்று கேட்பீர்கள்.

கனடாவின் வடமேற்கில் டாசன் சிட்டி என்று ஓர் ஊர். தங்கம் தோண்டப் போனவர்கள் கட்டிய ஊர். படப்பெட்டிகள் ஊர் ஊராகச் சுற்றிவிட்டு இரண்டு மூன்று வருடம் கழித்துத்தான் அங்கே வந்து சேரும். அதற்கு மேல் போக ஊர் கிடையாது. திருப்பி அனுப்பும் கூலி படத்தின் மதிப்பைவிட அதிகம் என்று கம்பெனிகள் அங்கேயே விட்டுவிட்டன. கடைசியில் அவற்றை ஒரு பழைய நீச்சல் குளத்தைத் தூர்க்கிறதுக்குக் கொட்டிப் புதைத்தார்கள். 1978-இல் கட்டட வேலைக்காகத் தோண்டியபோது 533 ரீல்கள் வெளியே வந்தன. வேறெங்கும் இல்லாத மௌனப் படங்கள் அதில் இருந்தன.

வண்டி கடைசியாக நிற்கிற ஊரில்தான் பழைய சாமான் தங்கும். நம் கரையும் அப்படிப்பட்ட இடம். 1914-இல் பாம்பன் பாலம் திறந்த பிறகு எழும்பூரில் ஏறியவர் போட் மெயிலில் தனுஷ்கோடி வந்து, அங்கே கப்பலேறித் தலைமன்னார் போய், அங்கிருந்து கொழும்புக்கு ரயில் பிடிப்பார். தூத்துக்குடிக் கப்பலும் இந்த வழியும்தான் நமக்கும் இலங்கைக்கும் இருந்த நடைபாதை. நாடகக் கம்பெனிகள் அக்கரைக்குப் போயின, தமிழ்ப் படங்கள் அங்கே ஓடின, பத்திரிகைகள் போயின. 1947-இல் வந்த முதல் சிங்களப் பேசும் படமே மதுரையில் எடுத்ததுதான். அக்கரையில் கடை வைத்திருந்த நம் வாப்பாமார்களும் ஐயாமார்களும் வருடத்துக்கோ இரண்டு வருடத்துக்கோ ஒருமுறை ஊர் வந்தபோது பெட்டியில் என்னென்ன கொண்டுவந்தார்கள்? துணிமணி, சோப்பு, தைலம், பீங்கான். அதற்கிடையில் ஒரு நாவல், ஒரு பாட்டுப் புத்தகம், சில இசைத்தட்டுகள். கிராமபோன் பெட்டி இருந்த வீடுகள் இந்தக் கரையில் கொஞ்சமா?

1942-இல் ஜப்பான்காரன் பர்மாவுக்குள் வந்தபோது ரங்கூன் கடைகளைப் போட்டது போட்டபடி விட்டுவிட்டு நடந்தே வந்தவர்கள் நம்மிடம் உண்டு. அவர்கள் கொண்டுவர முடிந்தது உயிரை மட்டும்தான். ஆனால் அதற்கு முன்னால் வந்த பெட்டிகள் இங்கே இருந்தன. பின்னால் 64 புயலில் தனுஷ்கோடி போனது. ஸ்டேஷன், தபாலாபீஸ், சுங்க ஆபீஸ், கோயில், சர்ச், பாம்பனிலிருந்து போன ரயில், மனிதர்கள் எல்லாம் போயின. ராஜலட்சுமி காலமானதும் அதே 1964-இல்தான். பழைய படங்களைக் காக்க என்று புனேயில் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்தை அரசு தொடங்கியதும் அதே வருடம். ‘மிஸ் கமலா’ வந்து அதற்குள் இருபத்தெட்டு வருடம் ஆகிவிட்டது. பழைய பிரதிகளில் இருந்த வெள்ளிக்காக அவற்றைக் கழுவி விற்றுக்கொண்டிருந்த காலம் அது.

நம் பக்கத்திலேயே ஒரு நல்ல சாட்சியும் இருக்கிறது. 1933-இல் ‘வள்ளி திருமணம்’ என்ற படத்தில் ராஜலட்சுமி வள்ளியாக நடித்தார். அதை இயக்கிய பி.வி.ராவ் அதே காலத்தில் ‘மார்த்தாண்ட வர்மா’ என்ற மலையாள மௌனப் படத்தையும் எடுத்தார். நாவலின் உரிமை தங்களுடையது என்று திருவனந்தபுரத்துப் புத்தகக் கடை ஒன்று வழக்குப் போட்டது. படப்பெட்டி அந்தக் கடைக்காரர்கள் கைக்குப் போனது. திரையில் தொடர்ந்து ஓட முடியவில்லை, நஷ்டம். 1970-களில் காப்பகத்தார் போய்க் கேட்டபோது பெட்டி அந்தக் கடையிலேயே இருந்தது. சென்னை மாகாணத்திலும் தெற்கே சமஸ்தானங்களிலும் எடுத்த நூற்றுக்கு மேற்பட்ட மௌனப் படங்களில் முழுதாக மிஞ்சியது அது ஒன்று. காப்பாற்றியது ஒரு புத்தகக் கடை. அப்படியானால் கீழக்கரைச் சங்குக் கிட்டங்கி ஒன்று ஏன் காப்பாற்றியிருக்கக் கூடாது? தொண்டியில் ஒரு பரண் ஏன் காப்பாற்றியிருக்கக் கூடாது?

“எங்கள் வீட்டில் சினிமாவா? எங்கள் பெரியவர்கள் அந்தப் பக்கமே போக மாட்டார்கள்” என்று சொல்லும் வீடுகளையும் நான் அறிவேன். மரியாதையாகவே சொல்கிறேன், அந்த வீடுகளிலும் பாருங்கள். வியாபாரி வீட்டுக்குப் பெட்டி பல வழியில் வரும். பாக்கிக்கு ஈடாக வரும், கூட்டாளி விட்டுப்போனதாக வரும், கண்ணாடிச் சாமானுக்கு அண்டக்கொடுத்த காகிதமாகவும் வரும்.

தேவிபட்டினம் பக்கம் ஒரு வீட்டில் எனக்கு ஒரு பாட்டுப் புத்தகத்தைக் காட்டினார்கள். உள்ளங்கையைவிடக் கொஞ்சம் பெரியது. முகப்பு அட்டையும் கடைசித் தாளும் போய்விட்டன. நடுவில் போட்டிருந்த பின் துருப்பிடித்து, அந்தத் துரு இரண்டு பக்கமும் பழுப்பாக இறங்கியிருந்தது. முதலில் கதைச் சுருக்கம், “மிகுதியை வெள்ளித்திரையில் காண்க” என்று நிறுத்திவிடும். அப்புறம் பாத்திரங்களும் நடிகர்களும், அப்புறம் ராகம் தாளம் குறித்த பாட்டுகள். ஓரத்தில் பென்சிலால் யாரோ கணக்கு எழுதியிருந்தார்கள்: தேங்காய் இத்தனை, கருப்பட்டி இத்தனை. அந்த வீட்டு அம்மா சொன்னார்கள், தன் மாமியார் அந்தப் பாட்டுகளை மனப்பாடமாகப் பாடுவாராம், படத்தைப் பார்த்ததே இல்லையாம். படம் பார்க்காமல் பாட்டுப் புத்தகத்தை வைத்தே முழுப் படத்தையும் மனதுக்குள் ஓட்டிய பெண்கள் இந்தக் கரையில் எத்தனை பேரோ. தொலைந்த படம் ஒன்றைப் பற்றி இன்றைக்கு நமக்குத் தெரிவதெல்லாம் பெரும்பாலும் இப்படி ஒரு புத்தகத்திலிருந்து தெரிந்ததுதான். ஓரணாப் புத்தகம்தானே என்று நினைக்காதீர்கள்.

இன்னொரு வீட்டில் நான் போய்ச் சேர்வதற்குள் பெட்டி எடைக்குப் போய்விட்டது. “எல்லாம் கரையான் அரித்த காகிதம் டீச்சர்” என்றார்கள். அவர்களைக் குறை சொல்ல மாட்டேன். என்ன தேட வேண்டும் என்று யாரும் அவர்களுக்குச் சொல்லவில்லை. இப்போது நான் சொல்கிறேன்.

முதலில் காகிதம். பாட்டுப் புத்தகம், கொட்டகை நோட்டீஸ், ‘கமலவல்லி’ நாவலின் பழைய பதிப்பு, 1930-களின் பத்திரிகைகள், ராஜலட்சுமியின் படம் போட்ட விளம்பரம், அக்கரையிலிருந்து எழுதிய கடிதத்தில் “இன்ன படம் பார்த்தேன்” என்று ஒரு வரி இருந்தால் அதுவும். கிழிசலை செல்லோடேப் போட்டு ஒட்டாதீர்கள், லேமினேஷன் கடைக்குக் கொண்டுபோகாதீர்கள். அந்தப் பசை காகிதத்தைத் தின்றுவிடும். ஈரமாக இருந்தால் நிழலில் ஆறவிடுங்கள், வெயிலில் வைக்காதீர்கள். போனில் முன்னும் பின்னும் படம் எடுத்துக்கொண்டு, அமிலமில்லாத காகிதம் கிடைக்காவிட்டால் பரவாயில்லை, துவைத்துக் காய்ந்த பருத்தி வேட்டித் துணியில் சுற்றி வையுங்கள்.

அடுத்தது பிலிம். இதைக் கொஞ்சம் கவனமாகப் படியுங்கள். 1950-களின் ஆரம்பம் வரை வந்த முப்பத்தைந்து எம்.எம். பிலிம் பெரும்பாலும் நைட்ரேட். அது பழசாக ஆக ஒட்டும், பழுப்பாகும், கடைசியில் பொடியாகும். தீப்பிடித்தால் தண்ணீர் ஊற்றினாலும் அணையாது, எரிவதற்கு வேண்டிய ஆக்ஸிஜனை அதுவே கொடுத்துக்கொள்ளும். தென்னிந்தியாவின் முதல் கதைப் படமான ‘கீசக வத’த்தை எடுத்த நடராஜ முதலியாரின் ஸ்டூடியோ 1923-இல் தீயில்தான் போனது, அத்தோடு அவர் படம் எடுப்பதையே விட்டார். அதனால் வட்டத் தகர டப்பா எதையாவது கண்டால் பக்கத்தில் பீடி, விளக்கு, அடுப்பு எதுவும் வேண்டாம். மூடி துருவேறி இறுகியிருந்தால் சுத்தியலால் தட்டாதீர்கள். சுருளைப் பிரிக்காதீர்கள், கழுவாதீர்கள், பழைய புரொஜக்டரில் மாட்டி ஓட்டிப் பார்க்கவே வேண்டாம். வீட்டுக்கு வெளியே காற்றோட்டமான நிழலில் வைத்துவிட்டு, பஸ்ஸிலோ ரயிலிலோ எடுத்துக்கொண்டு கிளம்பாமல், விஷயம் தெரிந்தவர்களை வரச்சொல்லுங்கள். டப்பாவைத் திறந்ததும் காடி நாற்றம் அடித்தால் அது பின்னால் வந்த வேறு வகை. அவ்வளவு ஆபத்தில்லை, ஆனால் அதுவும் அழிந்துகொண்டிருக்கிறது.

துண்டு பிலிமையும் விடாதீர்கள். கொட்டகையில் அறுந்த பிலிமை வெட்டிப் போடுவார்கள், அது பெட்டிக்கடைக்கு வந்து பிள்ளைகள் காசு கொடுத்து வாங்குவார்கள். ஃபியூஸ் போன பல்பில் தண்ணீர் ஊற்றி, முகம் பார்க்கிற கண்ணாடியில் வெயிலைத் திருப்பி இருட்டு அறைக்குள் விட்டு, சுவரில் படம் காட்டியவர்கள் இந்த மடலைப் படிப்பவர்களில் நிச்சயம் இருப்பீர்கள். அந்தத் துண்டுகளை மிட்டாய் டப்பாவில் போட்டு வைத்திருந்தீர்களே, அது எங்கே? ஒரே ஒரு படச்சட்டம் கிடைத்தால்கூட அந்தப் பெண் எந்த ஒளியில் நின்றாள், எப்படிச் சேலை கட்டியிருந்தாள் என்று தெரியும்.

யாரிடம் கொடுப்பது, கொடுத்தால் திரும்பி வருமா என்ற பயம் நியாயமானது. இரவல் வாங்கிப் போய்த் திருப்பித் தராதவர்களை நாம் எல்லோரும் பார்த்திருக்கிறோம். தானமாகக் கொடுங்கள் என்று நான் கேட்கவில்லை. பார்க்க விடுங்கள், ஸ்கேன் எடுக்க விடுங்கள், எழுத்தில் வாங்கிக்கொண்டு மட்டும் வெளியே அனுப்புங்கள். காகிதம் என்றால் சென்னையில் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் இருக்கிறது. அந்த நூலகத்துக்கு வித்திட்ட முத்தையா நமக்கு அந்நியர் இல்லை, பழைய ராமநாதபுரம் ஜில்லாவின் கோட்டையூர்க்காரர். ஊரார் குப்பை என்று ஒதுக்கிய நோட்டீஸையும் பாட்டுப் புத்தகத்தையும் தன் கைக்காசைப் போட்டு வாங்கிச் சேர்த்தார். 1992-இல் அவர் மறைந்த பிறகு அந்தச் சேகரிப்பை சிகாகோ பல்கலைக்கழகம் வாங்கி, தமிழ்நாட்டிலேயே நூலகமாக வைத்தது. பிலிம் என்றால் புனேயில் இருக்கும் தேசியக் காப்பகம். முதலில் உங்கள் ஊர்க் கிளை நூலகரிடம் காட்டுங்கள், அவர்கள் வழி சொல்வார்கள்.

ஜமாத் தலைவர்களுக்கும், பங்குத் தந்தைகளுக்கும், ஊர்ப் பெரியவர்களுக்கும் தனியாக ஒரு வேண்டுகோள். வெள்ளிக்கிழமை ஜும்ஆ முடிந்ததும், ஞாயிறு பூசை முடிந்ததும், கோயில் கூட்டத்திலும் ஒரு நிமிடம் இதைச் சொல்லுங்கள். வீடு இடிக்கும் மேஸ்திரிகளிடமும், பழைய பேப்பர், இரும்பு வாங்கும் கடைக்காரர்களிடமும் சொல்லி வையுங்கள். உண்மையில் அவர்கள் கண்ணில்தான் முதலில் படும். கொழும்பிலும் கோலாலம்பூரிலும் இன்னும் சொந்தபந்தம் இருப்பவர்கள் அங்கேயும் ஒரு போன் போட்டுக் கேளுங்கள்.

தேட வேண்டிய பெயர்கள் இவை: டி.பி.ராஜலட்சுமி, அந்தக் காலத்து அச்சில் டி.பி.ராஜலக்ஷ்மி. மிஸ் கமலா. கமலவல்லி. ஸ்ரீ ராஜம் டாக்கீஸ். இவற்றில் எது கண்ணில் பட்டாலும் அந்தத் தாளைப் பிரித்து எடுக்காமல், எந்தப் பெட்டியில், எந்தக் காகிதங்களோடு இருந்ததோ அப்படியே ஒரு படம் எடுங்கள். யார் எந்த ஊரிலிருந்து எந்த வருடம் கொண்டுவந்தது என்று வீட்டில் மூத்தவர்களைக் கேட்டு எழுதிக்கொள்ளுங்கள். இதைக் கேட்பதை மட்டும் நாளைக்கு என்று தள்ளிப்போடாதீர்கள்.

அன்புடன்,
உங்கள் கரையைச் சேர்ந்த ஒரு தமிழாசிரியை